கிட்டுசாமியின் வலது கை

11 ஜனவரி 1971, திங்கள்

இந்த டைரி அங்கண்ணன் மேஸ்திரிக்கு மில் ஆபீசில் கொடுத்தது. "எனக்கெதுக்கு அம்மிணி இது, நீதான் எட்டாவது படிச்சவ" என்று என் கையில் திணித்துவிட்டார். முதல் தாளில் முதலாளி மாலை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அதைக் கிழித்து எண்ணெய்ச் சட்டிக்கு அடியில் விரித்தாயிற்று.

பொழுதுக்கும் மில்லில் நூல் சுற்றும் ரீலிங்கில் நின்றேன். நூல் அறுந்து அறுந்து உயிரை வாங்கியது. முடிச்சுப் போட்டே விரல் நுனி மரத்துப் போயிற்று. மத்தியானம் ஷெட்டுக்குப் பின்னால் அடுக்கிப் போட்டிருக்கும் இரும்பு மூடிகள் மேல் உட்கார்ந்து நானும் பொன்னாத்தாளும் சோறு உண்டோம். பொன்னாத்தாள் என் பக்கத்து ரீல்காரி. எள்ளுத் துவையல் கொண்டு வந்திருந்தாள். உப்புக் கரித்தது. சொன்னால் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொள்வாள் என்று, நன்றாக இருக்கிறது என்றேன்.

வீட்டுக்கு வந்தால் என் வீட்டுக்காரருக்கு இளைப்பு. பதினோரு வருஷம் பஞ்சு சீவுகிற கார்டிங்கில் நின்று தூசியை விழுங்கினவருக்கு வேறென்ன வரும்? லீவு போட்டதற்கு ஏற்கெனவே இரண்டு மெமோ. மூன்றாவது வந்தால் வேலை போய்விடும். வேலை போனால் மில்காரன் கொடுத்த இந்த லைன் வீடும் போய்விடும். அதெல்லாம் இளைப்புக்குத் தெரிகிறதா?

தம்பி சென்னியப்பன் ஐப்பசியிலிருந்து எங்கள் வீட்டில்தான் இருக்கிறான். மில்லில் ஆள் வராத நாளில் நிற்கிற பதிலி வேலைக்கு எழுதிக் கொடுத்துவிட்டுக் காத்திருக்கிறான். தை பிறந்தால் வெள்ளலூரில் அவனுக்குப் பார்த்த பெண்ணுக்குப் பூ வைக்கப் போக வேண்டும். வயது இருபத்தாறு. சாப்பாடு இரண்டு ஆளுக்கு.

12 ஜனவரி, செவ்வாய்

இளைப்பு அப்படியே. தூதுவளைக் கஷாயம் வைத்துக் கொடுத்தேன். நாளைக்கு எப்படியாவது போயாக வேண்டும் என்கிறார். எழுந்து நிற்கவே முடியவில்லை, இதில் போகிறாராம்.

13 ஜனவரி, புதன்

சென்னியின் கை போய்விட்டது.

14 ஜனவரி, வியாழன்

பொங்கல் வைக்கவில்லை. எதிர் வீட்டுக்காரி ஒரு போசி நிறையக் கொண்டு வந்து வைத்தாள். மூடியே இருக்கிறது.

நடந்ததை எழுதிவிடுகிறேன். மில் கேட்டில் டோக்கனைக் கொடுத்துவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும். பித்தளை டோக்கன், இவருடையது 417. வாட்ச்மேன் நம்பரைப் பார்ப்பான், மூஞ்சியைப் பார்க்க மாட்டான். ஒருத்தருக்கு முடியாமல் போனால் அண்ணனோ தம்பியோ மச்சினனோ அந்த டோக்கனில் போய் நிற்பது எங்கள் லைனில் காலகாலமாக நடக்கிறது. மேஸ்திரிக்கும் தெரியும். மெஷின் நிற்காமல் ஓடினால் அவருக்குப் போதும். நேற்றுக் காலையில் இவர்தான் "மாப்ளே, இன்னிக்கு ஒரு நாளைக்கு நீ போய்ட்டு வந்துரு" என்று சென்னியை அனுப்பி வைத்தார்.

கார்டிங் மெஷினுக்கு முன்னால் ஒரு இரும்பு மூடி உண்டு. உள்ளே ஊசிப் பல் வைத்த உருளை சுற்றும். மூடி இருந்தால் சிக்கின பஞ்சை எடுக்க ஒவ்வொரு தடவையும் மெஷினை நிறுத்த வேண்டும். உற்பத்தி குறைகிறது என்று இரண்டு மாதத்துக்கு முன்னால் ஆபீசிலிருந்தே சொல்லி நாற்பது மெஷினிலும் கழற்றினார்கள். பழகின ஆள் எட்டத்திலிருந்து குச்சியால் எடுப்பான். இவன் வலது கையை விட்டிருக்கிறான். கட்டைவிரல் மட்டும் மிச்சம்.

ஈ.எஸ்.ஐ. ஆஸ்பத்திரியில் டோக்கன் உள்ள தொழிலாளிக்குத்தான் வைத்தியம். பேர் என்ன என்று கேட்டிருக்கிறார்கள். இந்தப் பாவி அந்த ரத்தத்திலும் "கிட்டுசாமி, 417" என்று சொல்லியிருக்கிறான். என் வீட்டுக்காரர் பேர். எங்களைக் காட்டிக் கொடுக்கக் கூடாதென்று அவனுக்கு அப்போதும் நினைப்பு.

18 ஜனவரி, திங்கள்

மில் விட்டு நேராக ஆஸ்பத்திரிக்குப் போனேன். நர்ஸம்மா "கிட்டுசாமி, மாத்திரை போட்டாச்சா?" என்று கேட்கிறாள். இவன் "ஆச்சுங்" என்கிறான்.

"மச்சான் பேர்ல தெனமும் ரொட்டியும் பாலும் குடுக்கறாங்கக்கா. அவருக்கு இல்லாம நானே திங்கறேன்" என்று சிரித்தான்.

"சிரிக்காதறா. பத்திக்கிட்டு வருது எனக்கு."

"அழுதா நாலு வெரலும் மொளைச்சு வருமா?" என்றான். கொண்டு போன பிளாஸ்க்கைக் கழுவி வைத்தேன்.

20 ஜனவரி, புதன்

இவருக்கு இளைப்பு விட்டுவிட்டது. வேலைக்குப் போகலாம் என்றால் போக முடியாது. கிட்டுசாமிக்குத்தான் கை போய்விட்டதே! ஆஸ்பத்திரி ரிஜிஸ்தரில் இருக்கிறது, மில் ரிஜிஸ்தரில் இருக்கிறது. முழுக் கையோடு கேட்டில் போய் நின்றால் என்ன சொல்வது? லைனில் எல்லோருக்கும் விஷயம் தெரியும், ஒருத்தரும் வாயைத் திறக்க மாட்டார்கள். ஆபீஸ் ஆள் எவனாவது இந்தப் பக்கம் வந்தால் மட்டும் பயம். சைக்கிள் மணி கேட்டாலே இவர் வலது கையில் துண்டைச் சுற்றிக்கொள்கிறார். இன்றைக்கு மணி அடித்தவன் தபால்காரன்.

23 ஜனவரி, சனி

லேபர் ஆபீசரே வீடு தேடி வந்துவிட்டார். பின்னாலேயே அங்கண்ணன் மேஸ்திரி, தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு. இவர் துண்டைச் சுற்றிக்கொண்டு எழுந்து நின்றார்.

"என்ன கிட்டுசாமி, கை எப்படி இருக்கு?"

"பரவால்லீங் சார்."

ஒரு தாளை எடுத்து வாசித்தார். பதின்மூன்றாம் தேதி மெஷின் மூடியைக் கிட்டுசாமியாகிய நானே கழற்றினேன், அதனால்தான் அடிபட்டது, மில் பேரில் குற்றமில்லை. அவ்வளவுதான், மூன்று வரி.

"மூடியை இவிய கழட்டலீங் சார். ஆபீஸ்ல சொல்லித்தான கழட்டுனாங்க. மேஸ்திரியைக் கேளுங்" என்றேன். மேஸ்திரி வாசலில் நின்ற எருமையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"பேசலாமே அம்மா. மூடியைப் பத்திப் பேசினா டோக்கனைப் பத்தியும் பேசணும். ஆள் மாறாட்டம். ரெண்டு பேரும் போலீஸ் ஸ்டேஷன் வாசல்ல நிக்கணும். பேசலாமா?"

வாயை மூடிக்கொண்டேன். அப்புறம் ஆபீசர் பிறந்த வீட்டு மனுஷன் மாதிரி இதமாகப் பேசினார். கை போனதற்கு வருகிற பென்ஷன் கிட்டுசாமி பேரில் வரும், அதை அடிபட்டவனுக்கே கொடுத்துக்கொள்ளலாம். சென்னியப்பன் என்று ஒருத்தர் பதிலி வேலைக்கு எழுதிக் கொடுத்திருக்கிறாரே, மூன்று மாதம் கழித்து அந்தப் பேரில் இவர் வந்து நிற்கட்டும், எடுத்துக்கொள்கிறேன். வீட்டையும் காலி பண்ண வேண்டாம். "பேரு மாறினா சோறு இறங்காமப் போயிடுமா?" என்றார்.

இவர் பேனாவை வாங்கத் துண்டுக்குள்ளிருந்து வலது கையை எடுத்தார். பழக்க தோஷம்.

"இடது கையில போடுங்க. வலது கைதான் இல்லையே" என்றார் ஆபீசர். சிரிக்கக்கூட இல்லை. எனக்கு அதுதான் பயமாக இருந்தது.

இவர் இடது கையில் போட்டார். கோழி கிளறினது போல இருந்தது கையெழுத்து. ஆபீசர் டீ குடித்துவிட்டுப் போனார். டீ போட்டுக் கொடுத்தது நான்தான், என் புத்தியைச் செருப்பால் அடிக்க. ஆக, காகிதத்தில் இனி என் புருஷன் பேர் சென்னியப்பன், என் தம்பி பேர் கிட்டுசாமி. வெளியில் சொன்னால் காறித் துப்புவார்கள்.

24 ஜனவரி, ஞாயிறு

இவர் இடது கையால் சோறு உண்கிறார். வீட்டில் நாங்கள் இரண்டு பேர்தான். ஏனுங் என்று கேட்டேன். சொம்பையும் இடது கையாலேயே எடுத்துக் குடித்தார்.

31 ஜனவரி, ஞாயிறு

சென்னியை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அழுக்குத் துணி மட்டும் ஒரு மூட்டை. துவைத்து முடிக்கப் பொழுது போய்விட்டது, தண்ணீர் வேறு நூலாக வந்தது.

சாயங்காலம் வெள்ளலூர்ப் பெண்ணின் அப்பா வந்தார். நல்ல மனுஷன். வாழைப்பழம் வாங்கி வந்திருந்தார். கட்டுப் போட்ட கையைப் பார்க்காமலேயே அரை மணி நேரம் பேசினார். "கல்யாணத்தைச் சித்தெ தள்ளி வெச்சுக்கலாமுங். ஒண்ணு மட்டும் கேக்கறேன், தப்பா நெனைக்காதீங். பத்திரிகைல மாப்பிள்ளை பேரு என்னன்னு போடறதுங்?" என்றார்.

லைனில் பேசினது வெள்ளலூர் வரைக்கும் போயிருக்கிறது. அவர் பழத்தை வைத்துவிட்டுப் போய்விட்டார்.

5 பிப்ரவரி, வெள்ளி

சென்னிக்கு இடது கையில் சோறு பிசைய வரவில்லை. குழம்பு ஒரு பக்கம், சோறு ஒரு பக்கம். ஊட்டி விடட்டுமா என்றால் முறைக்கிறான். இவர் எதிரில் உட்கார்ந்து அதே போல இடது கையால் அள்ளுகிறார். இரண்டு பேர் சட்டையிலும் குழம்பு. துவைப்பது நான்.

9 பிப்ரவரி, செவ்வாய்

பத்து மணி இருக்கும். கார்டிங் பக்கம் கூச்சல். ரீலை விட்டுவிட்டு ஓடினோம். பொன்னாத்தாளின் வீட்டுக்காரர் ராக்கியப்பன். முழங்கை வரைக்கும். அதே வரிசை, மூடி இல்லாத மெஷின். பொன்னாத்தாள் என் சேலையைப் பிடித்துக்கொண்டு கீழே உட்கார்ந்துவிட்டாள், கொசுவம் அவிழ்ந்துவிட்டது. எடுத்துச் செருகக்கூட எனக்குக் கை வரவில்லை.

11 பிப்ரவரி, வியாழன்

நோட்டீஸ் பலகையில் ஒட்டிவிட்டார்கள். மெஷின்களில் மூடி எப்போதும் உண்டாம், தொழிலாளிகள் தாங்களாகவே கழற்றுகிறார்களாம். போன மாதம் அடிபட்ட கிட்டுசாமியே அப்படிச் செய்ததாக எழுதிக் கொடுத்திருக்கிறாராம், ராக்கியப்பனும் அதே தப்பைச் செய்திருக்கிறாராம். மத்தியானம் பொன்னாத்தாள் இல்லாமல் அந்த மூடிகள் மேல் உட்கார்ந்தேன். சோறு இறங்கவில்லை. போசியோடு நாய்க்குக் கவிழ்த்துவிட்டு வந்தேன்.

14 பிப்ரவரி, ஞாயிறு

சங்கத்துக்காரர் ஆறுச்சாமி வந்தார். இருபத்திரண்டாம் தேதி தொழிற்சாலை இன்ஸ்பெக்டர் விசாரணைக்கு வருகிறாராம்.

"அந்தத் தாள் நிக்கற வரைக்கும் ராக்கியப்பனுக்கு ஒண்ணும் கெடைக்காதுங். நாளைக்கு இன்னொருத்தன் கை போனாலும் இதையேதான் நீட்டுவாங்க."

"உண்மையைச் சொன்னா எங்களுக்கு என்னாகுமுங்?" என்றேன்.

அவர் சுற்றி வளைக்கவில்லை. "உங்க வீட்டுக்காரருக்கு வேலை போயிரும். வீட்டைக் காலி பண்ணச் சொல்லுவாங்க. தம்பிக்கு ரிஜிஸ்தர்ல பேரே இல்ல, அதனால வர்ற பென்ஷனும் நின்னு போகும். கேஸ் நடத்தலாம். நாளாகும். சொல்லுங்கன்னு நான் சொல்ல மாட்டனுங். என்ற வீடு இல்ல பாருங்."

போகும்போது, அன்றைக்கு நடந்ததை எங்காவது எழுதி வைத்திருக்கிறீர்களா, தேதி போட்டு இருந்தால் உதவும் என்று கேட்டார். டைரி அலமாரியில்தான் இருந்தது. இல்லை என்றேன்.

17 பிப்ரவரி, புதன்

ஏன் இல்லை என்றேன்? பொங்கலன்றைக்கு இந்த டைரியில் எழுதினது பொய். இவர் அனுப்பவில்லை. நான்தான் அனுப்பினேன்.

"வேண்டாம் மயிலா, மெமோ வந்தா வரட்டும். அதுல மூடி இல்ல, அவனுக்குப் பழக்கமில்ல" என்று இவர் மூச்சு வாங்கிக்கொண்டே சொன்னார். கேட்டேனா நான்? வீடு போய்விடும், வீடு போய்விடும் என்று அதே பயம். சென்னி போகட்டும், மெஷின் முன்னால் நின்று பழகினால் பதிலியாகச் சீக்கிரம் எடுத்துக்கொள்வார்கள் என்று ஒரு கணக்கு வேறு. கேட்டுக்குப் பக்கத்தில் வைத்துச் சென்னியின் வலது கையில் டோக்கனை வைத்து, கீழே போட்டுவிடாதே என்று நானே விரல்களை மடக்கி விட்டேன். அந்த நாலு விரலையும் நான்தான் மடக்கினேன். சொந்த டைரியில்கூட அதை எழுத எனக்குத் தைரியம் வரவில்லை. இவரும் ஒரு வார்த்தை சொல்லிக் காட்டவில்லை, அவனும் சொல்லவில்லை. சொல்லித் திட்டியிருந்தால் தேவலை.

21 பிப்ரவரி, ஞாயிறு

அரிசி புடைத்து வைத்தேன். மண்ணெண்ணெய்க்கு நின்றேன், கிடைக்கவில்லை. சாயங்காலம் இவரிடம், நாளைக்கு விசாரணையில் டோக்கனைக் கொடுத்தது நான் என்று சொல்லப் போகிறேன் என்றேன்.

"ம்" என்றார்.

"வேலை போயிருமுங்."

"ம்."

இந்த 'ம்'மைக் கட்டிக்கொண்டு பதினோரு வருஷம் குடித்தனம் நடத்துகிறேன்.

22 பிப்ரவரி, திங்கள்

ஆபீஸ் ஹாலில் வைத்தார்கள். இன்ஸ்பெக்டர் சின்ன வயதுக்காரர், வியர்த்துக்கொண்டே இருந்தார். லேபர் ஆபீசர் அந்தத் தாளை எடுத்து மேஜையில் வைத்தார். இன்ஸ்பெக்டர் படித்துவிட்டு, "கிட்டுசாமி யாரு?" என்று கேட்டார்.

"இவர்தான் சார்" என்று ஆபீசர் சென்னியின் தோளில் கை வைத்தார். சென்னி தலையைக் குனிந்துகொண்டான். நான் எழுந்திருக்கப் பார்த்தேன். ராத்திரியெல்லாம் பேசிப் பார்த்த வார்த்தை ஒன்றுகூட வாய்க்கு வரவில்லை.

அப்போது பின்வரிசையில் இவர் எழுந்தார். கையில் சுற்றியிருந்த துண்டை மெதுவாக அவிழ்த்துத் தோளில் போட்டுக்கொண்டார். பள்ளிக்கூடத்தில் பேர் கூப்பிட்டால் தூக்குகிற மாதிரி வலது கையைத் தூக்கினார். ஐந்து விரலும் இருந்தது.

"கிட்டுசாமி நானுங். 417."

அப்புறம்தான் எனக்கு வாய் திறந்தது. அன்றைக்கு இவருக்கு முடியவில்லை, டோக்கனைத் தம்பியிடம் கொடுத்தது நான், இவர் வேண்டாம் என்றுதான் சொன்னார் என்றேன். சென்னி என்னை நிமிர்ந்து பார்த்தான். நான் அவனைப் பார்க்கவில்லை.

"ஆள் மாறாட்டம் சார், ஒத்துக்கிட்டாங்க. இவங்க பேச்சை இனி எப்படி நம்பறது?" என்றார் ஆபீசர்.

"என்ற பேச்சை நம்ப வேண்டாமுங் சார். மூடியைப் பாருங்" என்றேன். "மெசின்ல எப்பவும் மூடி இருக்குதுங்கறாங்க. நாங்க ரெண்டு மாசத்துக்கு மேல மத்தியானம் உக்காந்து சோறு திங்கறதே அந்த மூடி மேலதானுங். ரீலிங் ஷெட்டுக்குப் பொறத்தால வாங், காட்டறேன்."

இன்ஸ்பெக்டர் எழுந்தே வந்துவிட்டார். நாற்பது மூடியும் அடுக்கினபடி இருந்தது. அடியில் கிடந்ததெல்லாம் துருப் பிடித்திருந்தது. நாங்கள் உட்காரும் இடம் மட்டும் பளபளவென்று தேய்ந்து, பக்கத்தில் சோற்றுப் பருக்கை காய்ந்து ஒட்டியிருந்தது. அவர் ஒவ்வொன்றாக எண்ணி எழுதிக்கொண்டார். "யார் கழட்டச் சொன்னது?" என்று மேஸ்திரியைக் கேட்டார். அங்கண்ணன் மேஸ்திரி ஆபீசரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "ஆபீஸ்லதானுங்" என்றார். அந்த ஒரு வார்த்தைக்கு அவருக்கு மூன்று மாதம் பிடித்தது.

1 மார்ச், திங்கள்

நாற்பது மெஷினிலும் மூடி மாட்டிவிட்டார்கள். நாங்கள் நின்றுகொண்டே சோறு உண்கிறோம்.

3 மார்ச், புதன்

இவருக்குச் சீட்டுக் கிழித்தாயிற்று. ஆள் மாறாட்டம். வீட்டைப் பதினைந்து நாளில் காலி பண்ண வேண்டும். டோக்கனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு நடந்தே வந்தார். எனக்கு மெமோ வந்திருக்கிறது, பதில் எழுத வேண்டும். ராக்கியப்பன் பேரில் குற்றமில்லை என்று இன்ஸ்பெக்டர் எழுதிவிட்டாராம். பொன்னாத்தாள் வந்து என் கையைக் கொஞ்ச நேரம் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டுப் போனாள். சென்னிக்கு இப்போதைக்கு ஒன்றும் இல்லை, பென்ஷனும் இல்லை. ஆறுச்சாமி கேஸ் போடுகிறார், எத்தனை வருஷம் ஆகுமோ. கேஸ் தாளில் அடிபட்டவர் பேர் சென்னியப்பன் என்று போட்டிருந்தது. அவன் அதை இரண்டு தடவை வாசித்தான்.

அலுப்பாக இருக்கிறது. அழக்கூடத் தெம்பில்லை. இருந்த தக்காளியைப் போட்டு ரசம் வைத்தேன், அப்பளம் சுட்டேன்.

தட்டு வைத்ததும் இவர் பழையபடி இடது கையை நீட்டினார்.

"மச்சான், அந்தக் கையை எடுங்" என்றான் சென்னி.

இவர் நிமிர்ந்து பார்த்தார்.

"அதான் பேரு திரும்பி வந்துருச்சில்லீங். இன்னும் எதுக்கு?" தன் தட்டை இவர் பக்கம் தள்ளினான். "எனக்குப் பெசையவே வர மாட்டேங்குது. உங்க கையால பெசஞ்சு குடுங். அக்கா பெசஞ்சா உப்பைக் கொட்டிருவா."

இவர் வலது கையைக் கழுவிக்கொண்டு வந்தார். ரசத்தை ஊற்றி, சூடு பொறுக்காமல் ஊதி ஊதி, கட்டியில்லாமல் பிசைந்து அவன் தட்டை அவன் பக்கம் தள்ளினார். அப்புறம் தன் தட்டையும் அதே கையால் பிசைந்தார். இரண்டு பேரும் இரண்டாம் தடவை சோறு கேட்டார்கள். எனக்குப் பானையில் அடிச்சோறுதான் மிச்சம்.